தள்ளுபடியான வழக்கை வாதிக்குச் சொல்வது யார்? சென்னை உயர் நீதிமன்றத்துக்கு ஒரு திறந்த மடல்

மாண்பமை சென்னை உயர் நீதிமன்றத் தலைமை நீதிபதி அவர்களுக்கும், உரிமையியல் விசாரணை முறைச் சட்டத்தின் 123ஆம் பிரிவின்படி அமைந்த விதிக்குழுவின் உறுப்பினர்களுக்கும்,

எங்கள் ஊரைச் சேர்ந்த விதவைப் பெண்மணி ஒருவர் தம் பங்கு நிலத்துக்காகத் தொடுத்திருந்த வழக்கு, கூப்பிட்டபோது அவர் ஆஜராகவில்லை என்ற ஒரே காரணத்துக்காக 2022ஆம் ஆண்டில் தள்ளுபடி செய்யப்பட்டது. அதை மீண்டும் கோப்பில் எடுக்கும்படி கேட்பதில் ஏற்பட்ட தாமதத்தை மன்னிக்க அவர் போட்ட மனுவும் சென்ற மாதம் தள்ளுபடியாகிவிட்டது. தம் வழக்கைக் கவனிப்பதில் மனுதாரர் அக்கறையின்றி இருந்துவிட்டார் என்றும், ஒவ்வொரு நாள் தாமதத்துக்கும் அவர் கணக்குச் சொல்லவில்லை என்றும் அந்த உத்தரவு கூறுகிறது. முப்பது ஆண்டுகளுக்கு மேல் வழக்கறிஞர் குமாஸ்தாவாக இருந்து, கேஸ் கட்டுகளோடும் வாய்தா டைரிகளோடும் காலம் கழித்தவன் என்ற முறையில் அந்த உத்தரவை வரிவரியாகப் படித்தேன். அதில் சட்டப் பிழை இருக்கிறதா என்பதைச் சீராய்வில் பார்த்துக்கொள்வார்கள். அந்த நீதிமன்றத்தின் மீதோ, அங்கே அமர்ந்திருந்த நீதிபதியின் மீதோ புகார் சொல்வதற்காக இதை எழுதவில்லை. வழக்கு தள்ளுபடியானது என்ற செய்தியை வழக்குப் போட்டவருக்குச் சொல்லும் கடமை நம் நீதிமன்ற ஏற்பாட்டில் யாருக்குமே இல்லை என்ற நிலைமையை மாற்றும் அதிகாரம் உங்களிடம் இருப்பதால் எழுதுகிறேன்.

அவருடைய வழக்கு 2014இல் தாக்கலானது. கணவர் இறந்தபின் அவருடைய அண்ணன் தம்பிகள் வரப்பை உடைத்து உழத் தொடங்கியதால், நிலம் தம்முடையது என அறிவிக்கும் உரிமை விளம்புகை கேட்டும், அதில் பிறர் தலையிடாதபடி நிரந்தர உறுத்துக்கட்டளை (தடையுத்தரவு) கேட்டும் போட்ட சாதாரண அசல் வழக்கு அது. இடைக்காலத் தடையுத்தரவு கிடைத்தது. கூண்டில் ஏறி முதல் விசாரணையும் குறுக்கு விசாரணையும் முடித்துக்கொடுத்தார். பட்டாவும் கிஸ்து ரசீதுகளும் சான்றாவணங்களாகக் குறியிடப்பட்டன. அவர் தரப்பில் செய்ய வேண்டியதெல்லாம் 2019ஆம் ஆண்டுக்குள் முடிந்து, பிரதிவாதி தரப்புச் சாட்சியத்துக்காக வழக்கு வாய்தா மேல் வாய்தாவாகப் போய்க்கொண்டிருந்தது. 'இனி உங்கள் வேலை இல்லை அம்மா, தேவைப்பட்டால் சொல்லி அனுப்புகிறேன்' என்று அவருடைய வழக்கறிஞர் சொன்னதில் தவறேதும் இல்லை. நாங்கள் எல்லோரும் கட்சிக்காரர்களிடம் அப்படித்தான் சொல்வோம். அவர் திருப்பூருக்குப் போய் ஒரு பனியன் கம்பெனியில் செக்கிங் வேலையில் சேர்ந்துகொண்டார்.

2021இல் கொரோனா இரண்டாம் அலையில் அந்த வழக்கறிஞர் இறந்துபோனார். அவருக்கு இரங்கல் கூட்டம் அதே நீதிமன்ற அறையில்தான் நடந்தது. நீதிபதி மேடையில் நின்றார், வழக்கறிஞர்கள் சங்கத் தலைவர் இரங்கல் உரை வாசித்தார், எல்லோரும் எழுந்து இரண்டு நிமிடம் மௌனமாக நின்றோம். ஓராண்டுக்குப் பின், அதே அறையில், அதே வழக்கறிஞரின் பெயரிலிருந்த வக்காலத்தை, அதாவது வழக்கறிஞரை அமர்த்தும் பத்திரத்தை, வழக்குக் கட்டிலேயே வைத்துக்கொண்டு, 'பிளைண்டிஃப் கால்டு ஆப்சென்ட், நோ ரெப்ரசென்டேஷன், சூட் டிஸ்மிஸ்டு ஃபார் டிபால்ட், நோ காஸ்ட்ஸ்' (வாதி ஆஜரில்லை, அவர் சார்பில் யாருமில்லை, வருகையின்மைக்காக வழக்குத் தள்ளுபடி, செலவுத்தொகை இல்லை) என்று குறிப்புத் தாளில் ஒன்றரை வரி எழுதப்பட்டது. அதற்கிடையில் நீதிபதி மாறியிருந்தார், பெஞ்ச் கிளார்க்கும் மாறியிருந்தார் என்பது உண்மை. ஆனால் ஒரு நீதிமன்றத்தின் நினைவு, அங்கே உட்காருகிற ஆட்களோடு மாற்றலாகிப் போய்விடக் கூடாது. உரிமையியல் விசாரணை முறைச் சட்டத்தின் கட்டளை 3, விதி 4இன்படி வழக்கறிஞர் இறந்தவுடன் அவருடைய நியமனம் முடிந்துவிடுகிறது. சட்டப்படி அன்றைக்கு அந்தப் பெண்மணிக்கு வழக்கறிஞரே இல்லை. அது நீதிமன்றத்துக்குத் தெரியும், அவருக்குத்தான் சரியாகத் தெரியாது.

வழக்கறிஞர் இறந்த செய்தியைச் சில மாதம் கழித்து உறவினர் ஒருவர் மூலம் கேள்விப்பட்டு அவர் வந்து பார்த்தபோது, அலுவலகம் இருந்த இடத்தில் செல்போன் கடை இருந்தது. ஜூனியர்கள் ஆளுக்கொரு பக்கம் போயிருந்தார்கள். கட்டு யாரிடம் இருக்கிறது என்று கேட்டதற்கு, 'கோர்ட்டிலிருந்து தபால் வரும், வந்ததும் எடுத்துக்கொண்டு வாருங்கள்' என்று கடைத்தெருவில் யாரோ சொல்லியிருக்கிறார்கள். அவரும் அதை நம்பித் திரும்பிவிட்டார். இந்த நம்பிக்கையைத்தான் உத்தரவு அக்கறையின்மை என்கிறது. மின்கட்டணம் கட்டாதவரின் இணைப்பைத் துண்டிப்பதென்றால்கூட 2003ஆம் ஆண்டு மின்சாரச் சட்டத்தின் 56ஆம் பிரிவு 15 நாள் எழுத்துமூல அறிவிப்பைக் கட்டாயமாக்குகிறது. அரசாங்கம் ஒன்றைப் பறிப்பதற்கு முன் ஒரு காகிதம் அனுப்பும் என்று எளிய மக்கள் நினைப்பது அறியாமை அன்று. மற்ற எல்லா அலுவலகங்களிலும் அவர்கள் கண்டுவந்த நடைமுறை அதுதான். எட்டாண்டு நடந்த வழக்கை முடித்துவைக்க ஓர் அஞ்சலட்டைகூடத் தேவையில்லை என்பதை அவர்கள் எப்படி ஊகிப்பார்கள்?

அவருக்கு விஷயம் தெரிந்தது எதிர்த்தரப்பினர் நிலத்தில் கல்லுக்கால் நட்டு முள்கம்பி இழுத்தபோதுதான். தடையுத்தரவு இருக்கிறது என்று நம்பிக் காவல் நிலையத்துக்குப் போனவரிடம், 'உங்கள் கேஸ்தான் எப்போதோ தள்ளுபடி ஆகிவிட்டதே' என்று உத்தரவின் நகலைக் காட்டியிருக்கிறார்கள். எதிர்த்தரப்பு அதை முன்பே வாங்கிக் கொடுத்திருந்தது. ஆக, அந்த உத்தரவு நீதிமன்றத்திலிருந்து எதிரிக்குப் போய், எதிரியிடமிருந்து காவல் நிலையத்துக்குப் போய், அங்கிருந்து வழக்குப் போட்டவரிடம் வந்து சேர்வதற்குள் ஏறத்தாழ ஓராண்டு ஓடிவிட்டது. அதன்பின் நகல் மனுப் போட்டு, புதிய வழக்கறிஞரைப் பிடித்து, மனு தயாரித்துத் தாக்கல் செய்ததுவரை எல்லாம் முறைப்படி நடந்தன.

இனிச் சட்டத்துக்கு வருகிறேன். உங்களுக்குச் சட்டம் சொல்லித்தரும் துணிச்சலில் அன்று, கீழே நின்று பார்க்கிறவனுக்கு அது எப்படித் தெரிகிறது என்பதைச் சொல்வதற்காக.

இரு தரப்பும் வராவிட்டால் வழக்கைத் தள்ளுபடி செய்யலாம் என்கிறது கட்டளை 9, விதி 3. பிரதிவாதி வந்து வாதி வராவிட்டால் தள்ளுபடி செய்ய வேண்டும் என்கிறது விதி 8. முதல் வகையில் வாதி காலவரையறைக்கு உட்பட்டுப் புதிதாக வழக்குப் போடலாம். இரண்டாம் வகையில் விதி 9 அந்தக் கதவையும் அடைத்துவிடுகிறது, தள்ளுபடியை நீக்கக் கேட்டு மனுப் போடுவதொன்றே வழி. ஆனால் தள்ளிவைக்கப்பட்ட நாளில் ஒருவர் வராவிட்டால் பொருந்துவது கட்டளை 17, விதி 2. அது நீதிமன்றத்தின் கையைக் கட்டவில்லை. கட்டளை 9இல் சொன்னபடி செய்யலாம், அல்லது தகுந்ததெனத் தோன்றும் வேறு உத்தரவும் போடலாம் என்கிறது. அதன் விளக்கம் இன்னும் தெளிவானது: வராத தரப்பின் சாட்சியம் முழுவதுமோ பெரும்பகுதியோ ஏற்கெனவே பதிவாகியிருந்தால், அவர் வந்திருப்பதாகவே கொண்டு வழக்கை மேற்கொண்டு நடத்தலாம். இந்த வழக்கில் வாதியின் சாட்சியம் மூன்றாண்டுகளுக்கு முன்பே முடிந்திருந்தது. அவர் வந்திருந்தாலும் அன்றைக்கு பெஞ்சில் உட்கார்ந்து எதிரியின் சாட்சியைப் பார்த்துக்கொண்டிருப்பதைத் தவிர வேறு வேலை இல்லை. அந்த விளக்கம் சட்டப் புத்தகத்தில் இருக்கிறது. வட்ட அளவிலான நீதிமன்றங்களில் அது பயன்பட்டு நான் பார்த்தது மிக அரிது. வாதி ஆஜரில்லை என்றால் அடுத்த சொல் தள்ளுபடி என்பது கைப்பழக்கமாகிவிட்டது.

காலவரையறைச் சட்டத்தில் இருக்கும் ஏற்றத்தாழ்வை என்னால் இன்றுவரை புரிந்துகொள்ள முடியவில்லை. ஒருதலைப்பட்சத் தீர்ப்பை நீக்கக் கேட்கும் பிரதிவாதிக்கு 123ஆம் உறுப்பு 30 நாள் தருகிறது. அழைப்பாணை முறையாகச் சார்பாகாதிருந்தால், அதாவது அவரிடம் சேர்ப்பிக்கப்படாதிருந்தால், அந்த 30 நாள் அவருக்குத் தீர்ப்பு தெரியவந்த நாளிலிருந்து தொடங்கும். தள்ளுபடியை நீக்கக் கேட்கும் வாதிக்கு 122ஆம் உறுப்பு தரும் 30 நாளோ தள்ளுபடியான நாளிலிருந்தே ஓடத் தொடங்கிவிடுகிறது. அவருக்குத் தெரிந்ததா, தெரிவிக்க யாரேனும் இருந்தார்களா என்ற கேள்விக்கே அங்கே இடமில்லை. வழக்குப் போட்டவருக்குத் தம் வழக்கின் நாள்கள் தெரிந்திருக்க வேண்டும் என்ற எண்ணத்தில் 1963இல் அப்படி எழுதியிருக்கலாம். அவருக்கும் நீதிமன்றத்துக்கும் நடுவே இருக்கும் ஒரே கயிறு வழக்கறிஞர்தான் என்பதும், அந்தக் கயிறு அறுந்தால் என்ன ஆகும் என்பதும் அந்த எண்ணத்தில் விடுபட்டுவிட்டன.

கட்சிக்காரர் இறந்துவிட்டால் அதை நீதிமன்றத்துக்குத் தெரிவிக்க வழக்கறிஞருக்குக் கடமை உண்டு. நீதிமன்றம் அதை எதிர்த்தரப்புக்கு அறிவிக்கவும் வேண்டும். கட்டளை 22, விதி 10ஏ என்று 1976ஆம் ஆண்டுத் திருத்தத்தில் இதைச் சேர்த்தார்கள். செத்தவரைப் பற்றிய செய்தி உயிரோடிருக்கும் எல்லோருக்கும் போக வேண்டும் என்று யோசித்தவர்கள், செத்த வழக்கைப் பற்றிய செய்தி உயிரோடிருக்கும் வாதிக்குப் போக வேண்டும் என்று யோசிக்கவில்லை.

வழக்கறிஞரின் தவறுக்குக் கட்சிக்காரரைத் தண்டிக்கலாமா என்ற கேள்விக்கு உச்ச நீதிமன்றம் 1981இலேயே பதில் சொல்லிவிட்டது. கிராமத்து மனிதர் ஒருவர் வழக்கறிஞரை அமர்த்திப் பணமும் கொடுத்துவிட்டால், மேல்முறையீடு கூப்பிடப்படும் நாளில் தம் வழக்கறிஞர் வருகிறாரா என்று வேவு பார்த்துக்கொண்டிருக்க வேண்டியது அவர் வேலையன்று என்ற கருத்தில் அமைந்த தீர்ப்பு அது. அனந்தநாக் நில எடுப்புக் கலெக்டர் வழக்கில், 1987இல், ஒவ்வொரு நாள் தாமதத்துக்கும் விளக்கம் வேண்டும் என்பதை ஏட்டறிவாகப் பிடித்துக்கொள்ளக் கூடாது என்றது. ஒவ்வொரு நாள் என்றால் ஒவ்வொரு மணி, ஒவ்வொரு நொடி என்று ஏன் கேட்கக் கூடாது என்று அந்தத் தீர்ப்பே கேட்கிறது. அந்தத் தாராளத்தால் அன்று பயன்பெற்றது ஓர் அரசாங்கம், அதுவும் நான்கே நாள் தாமதத்துக்கு. நம் தமிழ்நாட்டிலிருந்து போன ஒரு வழக்கில் 1998இல் 883 நாள் தாமதத்தையும் உச்ச நீதிமன்றம் மன்னித்தது. எத்தனை நாள் என்பதைவிடச் சொல்லும் காரணம் ஏற்கத்தக்கதா என்பதே முக்கியம் என்றது. காலவரையறையைத் தளர்த்துவதில் கடுமை வேண்டும் என்று சொல்லும் தீர்ப்புகளும் பின்னாளில் வந்திருக்கின்றன என்பது எனக்குத் தெரியும். இரண்டு வகைத் தீர்ப்புகளும் கைக்கெட்டும் தூரத்தில் இருக்கும்போது, ஒரு தாமத மன்னிப்பு மனுவின் தலையெழுத்து அது எந்த நீதிமன்றத்தில் விழுகிறது என்பதைப் பொறுத்ததாகிவிடுகிறது. தாமதமே நேராதபடி தகவல் சொல்லிவிட்டால் இந்தத் தீர்ப்புகளில் பாதிக்கு வேலையே இருக்காது.

வழக்கு கூப்பிடப்படும் முறையையும் சொல்ல வேண்டும். காலை பத்தரை மணிக்கு நீதிபதி அமர்ந்ததும் பட்டியல் தொடங்கும். டவாலி (நீதிமன்றச் சேவகர்) வராந்தாவுக்கு வந்து பெயரை மூன்று முறை கூப்பிடுவார். தாலுகா அலுவலகமும் பத்திரப்பதிவு அலுவலகமும் ஒரே வளாகத்தில் இருக்கும் எங்களூர் போன்ற இடங்களில், வேப்ப மரத்தடியில் நிற்பவருக்கு அந்தக் குரல் கேட்பது சந்தேகம். வழக்கறிஞர் பக்கத்து நீதிமன்றத்தில் இருந்தால் குமாஸ்தாவோ ஜூனியரோ ஓடிவந்து பாஸ் ஓவர், அதாவது வழக்கைச் சற்று நேரம் கழித்துக் கூப்பிடும்படி, கேட்போம். கேட்க ஆளில்லாதவருடைய வழக்கை நல்ல நீதிபதிகள் தாமே கட்டை ஒதுக்கிவைத்து, மதியம் ஒரு முறையும் எழுவதற்கு முன் ஒரு முறையும் கூப்பிடச் சொல்வார்கள். ஒரு சார்பு நீதிபதி, டவாலியை அனுப்பிப் பேருந்து நிறுத்தம்வரை தேடிப் பார்க்கச் சொன்னதைக் கண்டிருக்கிறேன். அன்று அந்தக் கிழவர் உண்மையிலேயே பேருந்து நிறுத்தத்தில் இட்லி சாப்பிட்டுக்கொண்டிருந்தார், வழக்கு பிழைத்தது. வேறு சிலர் முதல் அழைப்பிலேயே எழுதிவிடுவார்கள். இரண்டுமே விதிக்கு உட்பட்டவைதாம், விதி அவ்வளவு தளர்வானது. வெளியூரிலிருந்து முதல் பேருந்தைப் பிடித்து வருகிறவர் பதினொன்றே காலுக்கு உள்ளே நுழைந்தால், அவருடைய பல ஆண்டு வழக்கு அதற்குள் முடிந்திருக்கலாம்.

வழக்கறிஞர்கள் புறக்கணிப்பு நாள்களில் கட்சிக்காரர் கூண்டருகே தனியாக நின்று விழிப்பதைப் பற்றியும் எழுதலாம். வேலைநிறுத்தம் செய்ய வழக்கறிஞர்களுக்கு உரிமையில்லை என்று உச்ச நீதிமன்றம் 2002இல் சொன்னது. அதன்பின் நடந்ததை நீங்கள் அறிவீர்கள். அது தனி மடலுக்குரிய விஷயம்.

தள்ளுபடி என்றால் கட்டு தற்காலிகமாக அலமாரிக்குப் போகிறது, மனுப் போட்டால் திரும்பி வந்துவிடும் என்று நினைப்பவர்கள் அதன் விலையை அறியாதவர்கள். வழக்கோடு இடைக்காலத் தடையும் விழுகிறது. வழக்கை மீண்டும் கோப்பில் எடுக்கக் கேட்கும் மீட்பு மனுவில், எதிர்த்தரப்புக்கு அறிவிப்புச் சார்பு செய்யாமல் உத்தரவு போடக் கூடாது என்று கட்டளை 9, விதி 9 சொல்வதால், பேட்டா (அறிவிப்பு அனுப்பும் கட்டணம்) கட்டி, அறிவிப்புத் திரும்பி, மறுபடி பேட்டா கட்டி, எதிருரை வந்து, விசாரணை நடந்து முடிய ஆண்டுகள் ஆகின்றன. எங்கள் பெண்மணியின் தாமத மன்னிப்பு மனு இரண்டாண்டுக்கு மேல் நடந்தது. வழக்கை விசாரிக்கலாமா என்று முடிவு செய்ய எடுத்துக்கொண்ட காலத்தில் வழக்கையே விசாரித்து முடித்திருக்கலாம். அதற்குள் நிலம் கைமாறினால், வாங்கியவரையும் கட்சியாகச் சேர்த்து இன்னொரு சுற்று. விதி 3இன் கீழ் தள்ளுபடியாகிப் புதிதாகப் போடுவதென்றால் நீதிமன்றக் கட்டணம் மறுபடியும் முழுதாகக் கட்ட வேண்டும். மதிப்பின் மீதான கட்டணம் தமிழ்நாட்டில் 2017இல் ஏழரை விழுக்காட்டிலிருந்து 3 விழுக்காடாகக் குறைக்கப்பட்டது நல்ல செயல், ஆனாலும் பனியன் கம்பெனிச் சம்பளத்தில் இரண்டாம் முறை கட்ட அதுவும் பெரிய தொகைதான். ஜீவனாம்ச மனுப் போட்டுவிட்டுப் பிறந்த வீட்டுக்கு வேறு மாவட்டம் போன பெண்களுக்கும், விபத்து இழப்பீட்டு மனுப் போட்டுவிட்டு நடக்க முடியாமல் கிடப்பவர்களுக்கும் நேர்வது இதுவேதான்.

மறுதரப்பு நியாயத்தையும் நான் மறைக்கவில்லை. தடையுத்தரவை வாங்கிக்கொண்டு வேண்டுமென்றே வராமல் இழுத்தடிக்கும் வாதிகளைப் பார்த்திருக்கிறேன். அவர்களுடைய கட்டுகளை நானே சுமந்திருக்கிறேன். ஒரு முன்சீப்பின் மேசையில் ஒரு நாளைக்குக் குவியும் கட்டுகளைப் பார்த்தவன் யாரும் அவரைக் குறைசொல்ல மாட்டான். நாட்டின் மாவட்ட நீதிமன்றங்களில் 4 கோடிக்கும் மேற்பட்ட வழக்குகள் தேங்கிக் கிடக்கும்போது, ஆளில்லாத வழக்கை ஒதுக்கித்தள்ளச் சொல்லி மேலிருந்து அழுத்தம் வருவதும் இயல்பு. ஆனால் இழுத்தடிக்கும் வாதிக்கு ஓர் அறிவிப்பு அனுப்பினால் அவருக்கு எந்த லாபமும் இல்லை; அறிவிப்பைப் பெற்றும் வராதவரின் வழக்கைத் தள்ளுபடி செய்ய நீதிபதிக்கு இன்னும் உறுதியான காரணம் கிடைக்கிறது, பின்னால் அவர் தாமத மன்னிப்புக் கேட்டு வந்தால் மறுக்கவும் எளிதாகிறது. அறிவிப்பு இல்லாததால் தண்டனை பெறுவது தெரியாமல் வராதவர் மட்டுமே.

குற்றவியல் சட்டத்தில் நாடாளுமன்றமே இதை ஒப்புக்கொண்டுவிட்டது. புகார்தாரர் வராவிட்டால் குற்றஞ்சாட்டப்பட்டவரை விடுதலை செய்யும், பழைய குற்றவியல் விசாரணை முறைச் சட்டத்தின் 256ஆம் பிரிவுக்கு மாற்றாக, 2024 ஜூலை 1 முதல் நடைமுறையில் உள்ள பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 279ஆம் பிரிவு, புகார்தாரர் ஆஜராக 30 நாள் அவகாசம் கொடுத்த பிறகே விடுதலை செய்ய வேண்டும் என்கிறது. காசோலை திரும்பிய வழக்கில் கடன் கொடுத்தவருக்குக் கிடைக்கும் அந்த 30 நாள், நிலத்துக்காக வழக்காடும் விதவைக்கு ஏன் இல்லை?

அறிவிப்பு அனுப்ப முகவரிக்கு எங்கும் போக வேண்டியதில்லை. கட்டளை 6, விதி 14ஏ ஒவ்வொரு தரப்பும் தம் முகவரியைத் தாக்கல் செய்யக் கட்டாயப்படுத்துகிறது. அது கட்டின் மேல் பக்கங்களிலேயே இருக்கிறது. மின்னணு நீதிமன்றத் திட்டத்தின் மூன்றாம் கட்டத்துக்கு 2023இல் 7,210 கோடி ரூபாய் ஒதுக்க மத்திய அமைச்சரவை ஒப்புதல் தந்தது. ஒவ்வொரு வழக்குக்கும் தனியாகத் தரப்படும் 16 இலக்க சி.என்.ஆர். எண்ணைத் தட்டினால் அடுத்த வாய்தா கைப்பேசியில் தெரிகிறது. ஆனால் அந்த எண் ஒன்று உண்டு என்பதே எங்கள் ஊரில் பெரும்பாலோருக்குத் தெரியாது. தெரிந்தவர்கள் திறந்து பார்த்தாலும் வழக்கின் நிலை ஆங்கிலச் சுருக்கெழுத்துகளில் இருக்கிறது, அதைப் படிக்க மறுபடியும் என்னைப் போன்ற ஒருவனிடம்தான் வருகிறார்கள்.

ஆகவே, சட்டத்தின் 122ஆம் பிரிவு உங்களுக்குத் தரும் விதியாக்கும் அதிகாரத்தையும், அரசமைப்பின் 227, 235ஆம் உறுப்புகள் தரும் மேற்பார்வை அதிகாரத்தையும் கொண்டு கீழ்க்கண்டவற்றைச் செய்து தருமாறு கேட்கிறேன்.

முதலாவதும் முதன்மையானதும் இதுதான்: வாதியின் வருகையின்மைக்காக எந்த உரிமையியல் வழக்கையும் தள்ளுபடி செய்வதற்கு முன், அவர் தாக்கல் செய்த முகவரிக்கு விரைவு அஞ்சலில், தமிழில், நீதிமன்றமே ஓர் அறிவிப்பு அனுப்பி, அடுத்த வாய்தாவுக்குக் குறைந்தது 30 நாள் விட வேண்டும் என்று கட்டளை 9இலும் 17இலும் தமிழ்நாட்டுக்கான திருத்தம் கொண்டுவாருங்கள். ஒரு வழக்கில் ஒரு தடவை மட்டும் இந்தச் சலுகை என்று வரம்பு வைத்தாலும் சரியே. அஞ்சல் செலவை வாதியிடமே முன்கூட்டி வாங்கிக்கொள்ளலாம். வழக்குத் தாக்கலின்போது இரண்டு உறைகளுக்கான தொகையை வாங்கினால் போதும். அந்த இரண்டாவது உறை தள்ளுபடிக்குப் பிறகானது. தள்ளுபடியான 7 நாளுக்குள் உத்தரவின் நகலும், அதை நீக்கக் கேட்க 30 நாளே உண்டு என்ற குறிப்பும், இலவசச் சட்ட உதவிக்கான வட்ட சட்டப் பணிகள் குழுவின் முகவரியும், 15100 என்ற உதவி எண்ணும் அதில் போக வேண்டும். பெண்களுக்கும் பட்டியலின, பழங்குடி மக்களுக்கும் மாற்றுத்திறனாளிகளுக்கும் வருமான வரம்பு பாராமல் அந்த உதவி உண்டு என்பதை அந்தக் காகிதத்திலாவது அவர்கள் படிக்கட்டும்.

வழக்கறிஞர் இறந்தாலோ, தொழிலை விட்டாலோ, நீதித்துறைப் பதவிக்குப் போனாலோ, அவர் வக்காலத்து உள்ள வழக்குகளின் பட்டியலை எடுத்துக் கட்சிக்காரர்களுக்குத் தெரிவிக்கும் பொறுப்பை அந்தந்த நீதிமன்றத் தலைமை எழுத்தரிடம் ஒப்படையுங்கள். இரங்கல் கூட்டம் நடந்த நாளிலேயே அந்தப் பட்டியல் எடுக்கப்படலாம். அந்த அறிவிப்புச் சார்பாகும்வரை அவருடைய வழக்குகளில் வருகையின்மைக்காகத் தள்ளுபடி கூடாது.

முதல் அழைப்பில் யாரும் வராத வழக்கைப் பிற்பகல் மூன்று மணிக்கு முன் தள்ளுபடி செய்யக் கூடாது என்றும், எத்தனை மணிக்கு எத்தனை முறை கூப்பிடப்பட்டது என்பதைக் குறிப்புத் தாளில் எழுத வேண்டும் என்றும் சுற்றறிக்கை அனுப்புங்கள். வாதியின் சாட்சியம் பதிவாகிவிட்ட வழக்குகளில் கட்டளை 17, விதி 2இன் விளக்கத்தைப் பயன்படுத்தாமல் தள்ளுபடி செய்வதானால் அதற்கான காரணத்தை எழுதும்படி அதே சுற்றறிக்கையில் சொல்லுங்கள். மீட்பு மனுக்களையும் தாமத மன்னிப்பு மனுக்களையும் மூன்று மாதத்துக்குள் முடிக்கக் காலக்கெடு வையுங்கள், அதுவரை சொத்தில் தற்போதைய நிலை தொடர வேண்டும் என்ற கோரிக்கையை முதல் நாளிலேயே கேட்டு முடிவு செய்யச் சொல்லுங்கள்.

வழக்கறிஞரின் எண்ணோடு கட்சிக்காரரின் சொந்தக் கைப்பேசி எண்ணையும் தாக்கலின்போதே கட்டாயம் பதிவு செய்து, ஒவ்வொரு வாய்தாவையும் ஒவ்வொரு உத்தரவையும் தமிழில் குறுஞ்செய்தியாக அவருக்கே அனுப்ப வேண்டும். ஒவ்வோர் ஆண்டும் மாவட்டவாரியாக, வருகையின்மையால் தள்ளுபடியான வழக்குகள் எத்தனை, அவற்றில் மீட்கப்பட்டவை எத்தனை என்ற கணக்கைத் தனியாக வெளியிட வேண்டும். விசாரித்துத் தீர்த்த வழக்கும் ஆளில்லாமல் விழுந்த வழக்கும் முடிந்தவை என்ற ஒரே தொகையில் சேர்வதால்தான் இது யார் கண்ணிலும் படவில்லை.

காலவரையறைச் சட்டத்தை மாற்றுவது உங்கள் கையில் இல்லை. ஆனால் 122ஆம் உறுப்பின் 30 நாள், தள்ளுபடி உத்தரவு வாதிக்குக் கிடைத்த நாளிலிருந்து தொடங்க வேண்டும் என்று மாநில அரசுக்கும் மத்திய சட்ட அமைச்சகத்துக்கும் நீங்கள் பரிந்துரை அனுப்பலாம். அந்தப் பரிந்துரையை அனுப்புமாறும், இந்த மடலை விதிக்குழுவின் அடுத்த கூட்டத்தின் பொருள்நிரலில் சேர்த்து, எடுக்கப்படும் முடிவை உயர் நீதிமன்ற இணையதளத்தில் தமிழில் வெளியிடுமாறும் கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற வழக்கறிஞர் குமாஸ்தா ஒருவர்